அல்பேனியப் பேச்சைக் கேட்டு அது எந்த வட்டாரத்தது என்று கண்டறிவது எப்படி: முழுமையான வழிகாட்டி

அல்பேனிய மொழியின் வட்டார வழக்குகளை இரண்டு பெரிய குடும்பங்களாகப் பிரிப்பார்கள். வடக்கே கெக், தெற்கே தோஸ்க். நடு அல்பேனியாவில் எல்பசான் வழியாக ஓடி அட்ரியாட்டிக் கடலில் கலக்கும் ஷ்கும்பின் ஆறுதான் ஏறக்குறைய எல்லை. இவ்வளவும் எந்த அறிமுக நூலிலும் கிடைக்கும். ஆனால் ஒரு ஒலிப்பதிவைக் கையில் கொடுத்து "இது எந்தப் பக்கத்துப் பேச்சு?" என்று கேட்டால் இந்த அறிவு மட்டும் போதாது.

இந்த வேலையைத் தொடர்ந்து செய்கிறேன். புதிதாக வருகிறவர்கள் தடுமாறுவதைப் பார்த்தால், பாதிக்கு மேல் வரிசைப் பிசகுதான் காரணம். கடைசியில் பார்க்க வேண்டியதை முதலில் பார்க்கிறார்கள். அதனால் கீழே உள்ள படிகளை அதே வரிசையில் செய்யுங்கள். ஏன் அந்த வரிசை என்பதையும் அந்தந்த இடத்தில் சொல்லியிருக்கிறேன். அடிப்படை அல்பேனியம் தெரிந்த மாணவர்கள், ஒலிப்பதிவை எழுத்தாக்குபவர்கள், சப்டைட்டில் வேலை செய்பவர்கள் ஆகியோரை மனதில் வைத்து எழுதியது இது.

1. இந்தக் கட்டுரையில் அல்பேனியச் சொற்களை வாசிக்கும் முறை

அல்பேனியச் சொற்களைத் தமிழ் எழுத்திலேயே தருகிறேன். சொல்லின் ஈற்றிலும் நடுவிலும் வரும் குறில் அகரம், வாயை அரைகுறையாகத் திறந்து சொல்லும் மங்கலான உயிர். நெடில் ஆகாரம் தெளிவான ஆ. ஒரு எழுத்துக்குப் பின் ~ குறி வந்தால், அந்த உயிரை மூக்கு வழியாகவும் ஒலிக்க வேண்டும். 'க்ய' என்பது நடுநாக்கு மேலண்ணத்தில் ஒட்டும் ஒலி. 'ச' எங்கே வந்தாலும் 'பச்சை' என்பதில் உள்ள அழுத்தமான ஒலி. 'யூ' என்று எழுதியிருப்பது உதட்டைக் குவித்துக்கொண்டு சொல்லும் ஈ. 'க்யூமஷ்த்', 'க்யூஹ' இரண்டில் மட்டும் அது 'க்ய'-வோடு சேர்ந்த சாதாரண ஊ.

ப, த, க ஆகியவற்றின் அதிரும் ஒலிக்கும் அதிரா ஒலிக்கும் தமிழ் எழுத்தில் வேறுபாடு காட்ட முடியாது. நல்லவேளை, நம் சோதனைகள் எதுவும் அந்த வேறுபாட்டை நம்பி இல்லை.

2. தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

தடங்கலில்லாத பேச்சு சில நிமிடங்களாவது வேண்டும். ஒற்றை வாக்கியத்தை வைத்து முடிவு சொல்லாதீர்கள். கீழே வரும் அடையாளங்கள் எல்லாம் ஒரே வாக்கியத்தில் வந்து நிற்காது.

பாட்டு வேண்டாம். பாட்டு ஊர் விட்டு ஊர் போகும், பழைய வடிவங்களைக் காப்பாற்றி வைக்கும், அசைக் கணக்குக்காகச் சொல்லைச் சுருக்கும். மேடைப்பேச்சும் அவ்வளவு உதவாது. சமையல், திருமணம், பள்ளிக்கூட நாட்கள் என்று ஒருவர் தன்னை மறந்து பேசும் பதிவுதான் சரி.

ஹெட்போன் கட்டாயம். மூக்கொலி உயிர்கள் ஸ்பீக்கரில் காணாமல் போய்விடும்.

இன்னொன்று, பேசுபவரைப் பற்றிய குறிப்பு. எங்கே வசிக்கிறார் என்பதைவிட எங்கே வளர்ந்தார், வீட்டில் பெரியவர்கள் எந்த ஊர்க்காரர்கள் என்பது முக்கியம். கம்யூனிச ஆட்சி முடிந்த பிறகு, 1990-களிலிருந்து நாட்டின் எல்லாப் பகுதியினரும் தலைநகர் டிரானாவில் வந்து குடியேறிவிட்டார்கள். 'டிரானாக்காரர்' என்ற குறிப்பு இன்று தனியாக எதையும் சொல்வதில்லை. ஆனால் இந்தக் குறிப்பை முதலில் படிக்காதீர்கள், மூடி வையுங்கள். ஊர் பெயர் தெரிந்துவிட்டால் காது அதற்கேற்ற ஒலியைத் தானாகவே கேட்க ஆரம்பித்துவிடும். உங்கள் முடிவை எழுதிவிட்டு அப்புறம் திறந்து ஒப்பிடுங்கள்.

3. முதல் கேள்வி: இது ஊர்ப் பேச்சா, தரமொழியா?

புதியவர்கள் அதிகம் சறுக்குவது இந்தப் படியில்தான். கொஞ்சம் நின்று பார்ப்போம்.

இன்றைய தர அல்பேனியம் தோஸ்க் வழக்கின் மேல் கட்டப்பட்டது. 1972 நவம்பரில் டிரானாவில் நடந்த எழுத்துமுறை மாநாடு அதை உறுதிசெய்தது. கோசோவோவின் அல்பேனிய மொழியறிஞர்கள் அதற்கு முன்பே, 1968-இல் ப்ரிஷ்டினாவில் கூடி, தோஸ்க் சார்ந்த அந்த வடிவத்தை ஏற்றுக்கொண்டிருந்தார்கள். ஆகவே வீட்டில் கெக் பேசி வளர்ந்த ப்ரிஷ்டினா ஆசிரியரும், வட அல்பேனியாவின் ஷ்கோதர் நகரத்துச் செய்தி வாசிப்பாளரும், வடக்கு மாசிடோனியாவின் டெட்டோவோ வழக்கறிஞரும் மைக் முன்னால் தோஸ்க் இலக்கணத்தில்தான் பேசுவார்கள்.

இதன் விளைவு பெரியது. கெக் அடையாளம் ஒன்று தெளிவாகக் கேட்டால், அது கெக்கிற்குச் சான்று. ஆனால் கெக் அடையாளம் ஒன்றுமே இல்லை என்பது தோஸ்க்கிற்குச் சான்று ஆகாது. அது தரமொழியாக இருக்கலாம். தோஸ்க் என்று குறிக்க வேண்டுமானால், தரமொழியில் இல்லாத தெற்கத்திய அடையாளம் ஏதாவது வேண்டும். அது கிடைக்காவிட்டால் 'தரமொழி' என்று மட்டும் எழுதுங்கள். செய்தி அறிக்கைகளையெல்லாம் தோஸ்க் என்று குறித்து வைத்த பட்டியல்களை நிறையப் பார்க்கலாம். இந்த ஒரு வேறுபாடு மனதில் பதியாததுதான் காரணம்.

தரமொழியில் பேசும்போதும் ஊர் முழுதாக மறைந்துவிடாது. இலக்கணத்தை மாற்றிப் பேசுவது எளிது, ஒலியை மாற்றுவது கடினம். எனவே தரமொழிப் பேச்சு என்று தெரிந்தால் இலக்கணத்தை விட்டுவிட்டு 'க்ய' ஒலியைக் கவனியுங்கள். தரமொழியில் 'க்யென்' (நாய்) என்பதை ஒருவர் 'சென்' என்கிறார், மொழியின் பெயரான 'ஷ்க்யிப்' அவர் வாயில் 'ஷ்சிப்' ஆகிறது என்றால், பெரும்பாலும் அவர் கோசோவோ அல்லது அதைச் சுற்றியுள்ள கெக் பகுதிக்காரர். வாக்கியம் முழுக்கத் தரமொழியாக இருந்தாலும் இந்த ஒலி அவரைக் காட்டிக்கொடுக்கும்.

4. 'மெ' வருகிறதா என்று பாருங்கள்

ஊர்ப் பேச்சுதான் என்று உறுதியானபின் முதல் சோதனை இது. காரணம் எளிது. 'போக', 'பார்க்க', 'செய்ய' போன்ற வினையெச்சம் இரண்டு மூன்று வாக்கியங்களுக்கு ஒருமுறை வந்துவிடும். மோசமான ஒலிப்பதிவிலும் கேட்கும்.

கெக் வழக்கில் 'வேலை செய்ய' என்பது 'மெ புனுஎ'. பேச்சில் பல இடங்களில் 'மெ புனூ'. தோஸ்க்கில் இந்த வடிவம் இல்லை. அங்கே 'த புனோய்' என்று, ஆளுக்கேற்ப மாறும் வினைமுற்றாகவே வரும். 'நான் போக வேண்டும்' என்ற விருப்பம் கெக்கில் 'து மெ ஷ்கூ', தோஸ்க்கில் 'துஆ த ஷ்கோய்'.

எதிர்காலத்திலும் இதே பிரிவு தொடர்கிறது. கெக்: 'காம் மெ புனுஎ'. தோஸ்க்: 'தோ த புனோய்'. ஆனால் 'தோ' வடிவம் கோசோவோவிலும் சாதாரணமாகப் புழங்குகிறது. அதைக் கேட்டவுடன் தோஸ்க் என்று எழுதிவிடாதீர்கள். 'காம் மெ' கெக்கைக் காட்டும், 'தோ' எதையும் உறுதியாகக் காட்டாது.

'செய்துகொண்டிருக்கிறேன்' என்பதும் நல்ல சோதனை. கெக்: 'யாம் து புனூ'. தரமொழி: 'யாம் தூகெ புனுஆர்'. அந்த 'தூகெ' சுருங்கி 'துஎ', 'துய்', 'து' என்று எந்த வடிவில் வந்தாலும் வடக்கு என்று குறித்துக்கொள்ளலாம்.

இந்தப் படியில் இரண்டு தவறுகள் வழக்கம். முதலாவது, 'மெ' என்று காதில் விழுவதையெல்லாம் எண்ணுவது. 'மெ' என்றால் 'உடன்' என்றும் பொருள். அது எல்லா வழக்கிலும் உண்டு. 'மெ நனன்' என்றால் 'அம்மாவுடன்'. 'மெ'-வுக்குப் பின் வருவது பெயரா வினையா என்று பார்த்தபிறகே எண்ணுங்கள்.

இரண்டாவது, 'தோமெதன' என்ற சொல். 'அதாவது' என்ற பொருளில் எல்லாரும் வாக்கியத்துக்கு வாக்கியம் சொல்லும் சொல் இது. இதற்குள்ளே கெக் வடிவ வினையெச்சம் அப்படியே உறைந்து கிடக்கிறது. தரமொழியும் அதை ஏற்றுக்கொண்டுவிட்டது. தெற்கத்தியர் வாயிலும் வரும், எனவே கணக்கில் சேர்க்காதீர்கள்.

5. ன–ர சோதனை

தோஸ்க்கில் பழைய காலத்தில் இரண்டு உயிர்களுக்கு நடுவே நின்ற ன, ர-வாக மாறிவிட்டது. கெக்கில் மாறவில்லை. இதுதான் இரு வழக்குகளுக்கும் இடையே மிகப் பழைய, மிக உறுதியான கோடு. லத்தீனிலிருந்து வந்த சொற்களில் இந்த மாற்றம் தெரிகிறது, பின்னால் வந்த ஸ்லாவியச் சொற்களில் இல்லை.

பட்டியலாகச் சிலவற்றை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். முதலில் கெக், பிறகு தோஸ்க்:

குரல்: ஸானி – ஸரி
கண்: ஸ்யூனி – ஸ்யூரி
மணல்: ரான – ரர
பெயர்: எமன் – எமர்
குளிர்காலம்: திமன் – திமர்
வைன்: வென – வெர
வ்லோரா நகரம்: வ்லோன – வ்லோர

பட்டியலை ஏன் மனப்பாடம் செய்யச் சொல்கிறேன் என்றால், விதியை மட்டும் தெரிந்து வைத்திருந்தால் ஏமாந்துபோவீர்கள். 'நன' (அம்மா), 'ஹன' (நிலா) ஆகியவை தோஸ்க் வடிவங்கள்தான், ஆனாலும் நடுவில் ன இருக்கிறது. வேறு மூலத்திலிருந்து வந்த ன என்பதால் அது மாறவில்லை. அதேபோல 'தோர' (கை), 'தெர' (கதவு) இரண்டும் கெக்கிலும் ர-வோடுதான் வரும். ன கேட்டால் கெக், ர கேட்டால் தோஸ்க் என்று கண்ணை மூடிக்கொண்டு எண்ணினால் கணக்கு தலைகீழாகிவிடும். இரண்டு வடிவம் உள்ள சொல் என்று உறுதியாகத் தெரிந்ததை மட்டும் எண்ணுங்கள்.

வைனுக்கான சொல்லில் ஒரு சிக்கல் இருக்கிறது. கோடைக்காலத்துக்கும் 'வெர' என்றுதான் பெயர், அது இரு வழக்கிலும் ஒன்றே. தோஸ்க்கில் வைனும் கோடையும் ஒரே ஒலியாகிவிட்டன, கெக்கில் தனித்தனி. ஒருவர் வெயிலைப் பற்றிப் பேசும்போது 'வெர' என்றால் அதில் சான்று எதுவும் இல்லை. மேசையில் ஊற்றிக்கொண்டு சொன்னால் மட்டுமே சான்று.

6. அழுத்தம் விழும் உயிர்: ஆ-வா, அ-வா, மூக்கில் வருகிறதா?

இதை மூன்றாவதாக வைத்ததற்குக் காரணம், நல்ல ஒலிப்பதிவு தேவை. ஆனால் தமிழ்க் காதுக்கு இது எளிது. பேச்சுத் தமிழில் 'வந்தான்' என்பதன் கடைசியில் ன் என்று நாக்கு தொடாமல் உயிரே மூக்கில் முடிகிறது அல்லவா, அதே ஒலிதான். நாம் சொல்லின் ஈற்றில் செய்வதை கெக்காரர்கள் சொல்லின் நடுவிலும் செய்கிறார்கள், அவ்வளவுதான்.

அம்மா என்பது தோஸ்க்கில் 'நன', கெக்கில் 'நா~ன'. நிலா 'ஹன' – 'ஹா~ன'. கால் 'கம்ப' – 'கா~ம்ப'. 'செய்கிறேன்' என்பது 'பய்' – 'பா~ய்'. 'இருக்கிறது' என்பது 'அஷ்த' – 'ஆ~ஷ்த்'.

இதை இரண்டு அடுக்காகக் கேளுங்கள். முதலில் உயிரின் தன்மை: மங்கலான அ-வா, திறந்த ஆ-வா? பிறகுதான் மூக்கொலி. எல்லா கெக் ஊர்களிலும் மூக்கொலி ஒரே வலுவில் இருப்பதில்லை. சில இடங்களில் தேய்ந்துவிட்டது, சில இடங்களில் உயிரே ஓ-வை நோக்கி நகர்ந்து 'ஓஷ்த்' என்று ஆகிவிட்டது. மூக்கொலி கேட்கவில்லை என்பதால் தோஸ்க் என்று எழுதுகிறவர்கள் உண்டு. உயிர் ஆ அல்லது ஓ என்றால், மூக்கொலி இல்லாவிட்டாலும் அது வடக்குதான்.

கூடவே இரண்டு சின்ன அடையாளங்கள். கெக் ஈற்று அகரத்தை விழுங்கிவிட்டு அதற்கு முந்தைய உயிரை நீட்டும். 'தோர' அங்கே நீண்ட ஓகாரத்துடன் 'தோர்' ஆகும். குறில் நெடில் பிரித்தே பழகிய நமக்கு இது உடனே பிடிபடும். அடுத்து, ம்ப, ந்த கூட்டுகளில் பின்பாதி விழும்: 'வெந்த்' (இடம்) 'வென்' ஆகும், 'காதுந்த்' (கிராமம்) 'காதூன்' ஆகும்.

7. ஒரு வாக்கியத்தைப் பிரித்துப் பார்ப்போம்

'இப்போது அம்மாவைப் பார்க்க வீட்டுக்குப் போக வேண்டும்' என்று ஒருவர் சொல்கிறார். தரமொழியில்:

தானி துஆ த ஷ்கோய் ந ஷ்தபீ த ஷோஹ் நனன்.

கோசோவோ வீட்டுப் பேச்சில்:

தாஷ் து மெ ஷ்கூ ன்ஷ்பீ மெ பா நானன்.

இரண்டாவதை மெதுவாகக் கேளுங்கள். வாக்கியம் தொடங்குவதே 'தாஷ்' என்று. 'இப்போது' என்பதற்கு வடக்கில் பரவலான சொல் அது. ஆனால் சொல்லை இன்னும் எண்ணக்கூடாது, அதற்கான படி பின்னால் வருகிறது. அடுத்து 'துஆ' குறுகி 'து' ஆகியிருக்கிறது. பிறகு 'மெ ஷ்கூ', 'மெ பா' என்று ஒரே மூச்சில் இரண்டு வினையெச்சங்கள். இங்கேயே முடிவு கிடைத்துவிட்டது. 'ஷ்தபீ' என்ற வீடு நடு எழுத்துகளை இழந்து 'ஷ்பீ' ஆகியிருக்கிறது. கடைசியில் அம்மா ஆகாரத்தோடு வருகிறாள். 'நானன்' என்பதன் இறுதி ன் நம் ஐ உருபைப் போன்ற வேற்றுமை உருபு. அதற்கும் ன–ர சோதனைக்கும் சம்பந்தம் இல்லை.

முதல் வாக்கியத்தைக் கேட்டுத் 'தோஸ்க்' என்று எழுதினால் அது 3-ஆம் படியில் சொன்ன தவறுதான். அதில் தரமொழிக்கு அப்பாற்பட்டது எதுவும் இல்லை.

8. கெக் என்று தெரிந்தபின்: வடக்கின் உள்ளே

கெக் பரப்பு பெரியது. வட அல்பேனியா, கோசோவோ, மாண்டினீக்ரோவின் உல்சின் பக்கம், வடக்கு மாசிடோனியாவின் ஸ்கோப்யே, டெட்டோவோ, கோஸ்டிவார், தெற்கு செர்பியாவின் ப்ரெஷெவோ எல்லாம் இதில் வரும். மொழியியலாளர்கள் வடமேற்கு, வடகிழக்கு, நடு, தெற்கு என்று பிரிப்பார்கள்.

இங்கே பயன்படும் கருவி இரண்டு. முதலாவது, 'பெண்' என்ற சொல். தரமொழியில் 'க்ருஆ'. 'க்ருஎ' என்று இரண்டு உயிரும் கேட்டால் ஷ்கோதர் சார்ந்த வடமேற்கை நினைக்கலாம். 'க்ரூ' என்று ஒரே நெடிலானால் கோசோவோவை முதலில் நினைக்கலாம். இரண்டாவது, 3-ஆம் படியில் பார்த்த 'க்ய' – 'ச' கலப்பு. கோசோவோவில் இது மிகத் தெளிவு.

'நாம் இருக்கிறோம்' 'யெனா', 'நம்மிடம் உண்டு' 'கெனா' என்று வந்தால் கெக் என்பதற்கு இன்னொரு உறுதி. தரமொழியில் இவை 'யெமி', 'கெமி'. ஆனால் இவை கெக்கின் பல பகுதிகளில் பொது, உட்பிரிவைச் சொல்லாது.

டிரானா, டுரஸ், எல்பசான் ஆகியவை தெற்கு கெக். பூர்வீக டிரானாக்காரர் 'ஓஷ்த்' என்பார், பெண்பிள்ளையைக் 'கோத்ஸ' என்பார், பையனைச் 'சூன்' என்பார். இந்த இரண்டு சொற்களும் இன்று நகரத்து இளைஞர் பேச்சு வழியாக எங்கும் பரவிவிட்டன. ஆகவே அவற்றைத் தனியாக நம்ப வேண்டாம்.

நடு கெக், அதாவது மாத், திபர் பகுதிகள், ஒலிப்பதிவிலிருந்து மட்டும் பிரிக்கக் கடினமானவை. 'கெக், உட்பிரிவு தெளிவில்லை' என்று எழுதுவதில் தவறே இல்லை.

9. தெற்கின் உள்ளே

பெராட், கோர்ச்சா, ஃபியெர், பெர்மெட் பக்கத்துப் பேச்சு வடக்கு தோஸ்க். தரமொழிக்கு மிக நெருக்கம் என்பதால் இதைத் தனியே பிரிப்பதுதான் எல்லாவற்றிலும் கடினம். சொல்தேர்வு, வாக்கிய ஓட்டம், பேச்சின் தளர்வு ஆகியவற்றைச் சேர்த்து 'அநேகமாக' என்ற அளவில் மட்டும் எழுதுங்கள்.

வ்லோரா, ஜிரோகாஸ்டர், சரண்டா பகுதிகளில் லாப் வழக்கு. அழுத்தம் விழும் அகரம் அங்கே வாயின் பின்பக்கம் தள்ளி, கனமாக ஒலிக்கும்.

இன்னும் தெற்கே சாம் வழக்கு. இதைப் பேசியவர்களின் ஊர்கள் இன்று கிரீஸின் எபிரஸ் கடற்கரையில் இருக்கின்றன. இரண்டாம் உலகப்போரின் முடிவில் அங்கிருந்த முஸ்லிம் சாம் மக்கள் துரத்தப்பட்டு அல்பேனியாவில் குடியேறினார்கள். ஆகவே சாம் பேச்சை இன்று அல்பேனிய ஊர்களில்தான் பதிவு செய்திருப்பார்கள். பதிவு செய்த ஊரை வைத்து வழக்கைத் தீர்மானித்தால் இங்கே கட்டாயம் தவறும். பேசுபவர் பெரும்பாலும் முதியவராக இருப்பார். அந்த நினைவுகள் அவருக்கு வலி தருபவை, பேட்டி எடுப்பவர் அதை உணர்ந்து கேட்க வேண்டும்.

சாம் பேச்சில் தேட வேண்டியது க்ல. தரமொழியின் 'க்யூமஷ்த்' (பால்) 'க்லூமஷ்த்' ஆக, 'க்யூஹ' (மொழி) 'க்லூஹ' ஆக வரும். மற்ற இடங்களில் க்ய-வாக மாறிப்போன பழைய கூட்டொலி இங்கே மாறாமல் நிற்கிறது.

10. கடல் தாண்டியவை

க்ல கேட்டால் அடுத்து நினைக்க வேண்டியது அர்பரேஷ், அர்வனிடிகா. இரண்டும் தோஸ்க் கிளை. அர்பரேஷ் தெற்கு இத்தாலியில், கலாப்ரியா முதல் சிசிலியின் பியானா தெலி அல்பனேசி வரை, ஏறக்குறைய ஐம்பது ஊர்களில் பேசப்படுவது. முன்னோர் பெரும்பாலும் 15-ஆம் நூற்றாண்டிலிருந்து போய்ச் சேர்ந்தவர்கள். இத்தாலியின் 1999-ஆம் ஆண்டு 482-ஆம் எண் சட்டம் அவர்கள் மொழியைச் சிறுபான்மை மொழியாக அங்கீகரிக்கிறது.

'க்லூமஷ்த்' இங்கும் உண்டு. 'யூல்' (நட்சத்திரம்) என்பதில் உதடு குவியாமல் 'இல்' என்று வரும். 'செய்கிறேன்' என்பது 'பய்' ஆகாமல் 'பஞ்' என்று ஞ்-இல் முடியும். அறுபதுக்கு 'த்ரிஸெத்', அதாவது மூன்று இருபது. இவற்றோடு இத்தாலியச் சொற்களும் கலந்து வந்தால் ஐயமே வேண்டாம்.

அர்வனிடிகா கிரீஸின் அட்டிகா, பியோஷியா, பெலோபொனீஸ் பகுதிகளில் பேசப்பட்டுவருவது. பேசுவோர் பெரும்பாலும் முதியவர்கள், மொழி வேகமாகக் குறைந்துவருகிறது. பேட்டி எடுக்கப் போகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். அர்வனிட்டுகள் தங்களைக் கிரேக்கர்களாகவே கருதுகிறார்கள். மொழியின் வேரைச் சொல்லி அவர்கள் யார் என்று நீங்கள் தீர்ப்பு சொல்லாதீர்கள். பேச்சு அங்கேயே நின்றுவிடும்.

நாடு கடந்தவையெல்லாம் தோஸ்க் என்றும் முடிவு கட்டிவிடக் கூடாது. குரோஷியாவின் ஸாதர் நகரை ஒட்டிய அர்பனாசியில் 18-ஆம் நூற்றாண்டில் குடியேறியவர்கள் பேசியது கெக்.

11. ஆற்றங்கரை: இரண்டும் கலக்கும் இடம்

ஷ்கும்பின் ஆற்றைக் கத்தியால் கீறிய கோடு என்று நினைத்தால் தடுமாறுவீர்கள். ஆற்றை ஒட்டி, குறிப்பாகத் தென்கரையில், ஒரு பட்டையாகக் கலப்பு வழக்கு நிலவுகிறது. ஒரே ஆள் ஒரு சொல்லில் ர, அடுத்த வாக்கியத்தில் 'மெ' என்று பேசுவார்.

கலப்பு கேட்டால் இரண்டு சாத்தியம் உண்டு. ஒன்று, உண்மையிலேயே இந்தப் பட்டைக்காரர். மற்றொன்று, கெக்காரர் ஒருவர் தரமொழி பேச முயன்று நடுநடுவே வீட்டுப் பேச்சுக்கு நழுவுகிறார். பிரிப்பதற்கு வழி: கோபம், சிரிப்பு, குழந்தையிடம் பேசுவது போன்ற இடங்களைத் தனியே கேளுங்கள். நழுவுகிறவர் அங்கே முழு கெக்காக மாறிவிடுவார். ஆற்றங்கரைக்காரர் அங்கும் கலந்தே பேசுவார்.

12. சொற்கள் கடைசியில்

இப்போதுதான் சொற்களுக்கு வருகிறோம். சொல் எளிதில் பயணம் செய்கிறது. கோசோவோவில் வளர்ந்த பெண் டிரானாவில் சில ஆண்டுகள் படித்தால் அந்த ஊர்ச் சொற்களை எடுத்துக்கொள்வாள், உயிரொலியை அவ்வளவு சீக்கிரம் மாற்றிக்கொள்ள மாட்டாள். அதனால் சொல்லை உறுதிப்படுத்தும் சான்றாக மட்டும் வையுங்கள்.

'எப்படி' என்பதற்கு 'ஸி' பொது, 'க்யூஷ்' வடக்கு. 'என்ன' என்பதற்கு 'ச்ஃபார' தரமொழி, 'ச்கா' வடக்கு. பால் 'க்யூமஷ்த்', வடக்கே 'தாமல்' அல்லது 'தாம்பல்'. உருளைக்கிழங்கு அல்பேனியாவில் 'பாதாதெ', கோசோவோவில் ஸ்லாவிய மொழியிலிருந்து வந்த 'கோம்பிர்'. பெண்பிள்ளைக்கு 'வாய்ஸ' தரமொழி, 'சூப' தெற்கு, 'சிக' வடக்கு.

இந்தப் பட்டியலில் எனக்கு மிகப் பிடித்தது 'ஏழை' என்ற சொல். தோஸ்க் 'வார்ஃபர்', கெக் 'வோர்ஃபன்'. முதல் அசையில் வா–வோ வேறுபாடு, கடைசியில் ர்–ன் வேறுபாடு, இரண்டும் ஒரே சொல்லில். அது பேச்சில் வந்தால் நிறுத்தி இரண்டு முறை கேளுங்கள்.

13. எழுத்தில் வந்தால்

செல்பேசிச் செய்திகளையும் கருத்துரைகளையும் வகைப்படுத்தும்போது முறை மாறும். மூக்கொலி எழுத்தில் தெரியாது. பெரும்பாலோர் மங்கலான அகரத்தின் மேலுள்ள இரட்டைப் புள்ளியை விட்டுவிட்டு வெறும் எகரமாக எழுதுவார்கள். ஆகவே ஈற்று அகரம் விழுந்ததா, புள்ளி விழுந்ததா என்று ஒரு சொல்லை வைத்துச் சொல்ல முடியாது.

நம்பத்தக்கது மறுபடியும் 'மெ'-தான். அடுத்தது எழுத்துப்பிழை. 'ச்கா' என்பதைக் கோசோவோவில் பலர் க்ய ஒலிக்குரிய எழுத்தைப் போட்டு எழுதுவார்கள். அவர்கள் பேச்சில் இரண்டு ஒலியும் ஒன்றாகிவிட்டதால் எழுதும்போது எது எது என்று குழம்புகிறது. அந்தப் பிழையைத் திருத்திவிட்டு வகைப்படுத்தினால் நல்ல சான்று ஒன்றை நீங்களே அழித்துவிடுகிறீர்கள். பிழையோடு சேர்த்து வையுங்கள்.

14. முடிவை எழுதும் முறை

பேசுபவருக்கு ஒரு வரி. முதலில் பெரும்பிரிவு: கெக், தோஸ்க், கலப்பு, தரமொழி. அடுத்து உட்பிரிவு, தெரிந்தால் மட்டும். பிறகு 'உறுதி' அல்லது 'அநேகமாக'. கடைசியில் சான்று: எந்தச் சொல், பதிவின் எந்த நிமிடம்.

சான்று எழுதாத முடிவை மற்றவர் சரிபார்க்க முடியாது. 'கேட்டால் அப்படித்தான் இருக்கிறது' என்று எழுதினால் அந்த வரி வேலைக்கு ஆகாது. வெவ்வேறு படிகளிலிருந்து இரண்டு சான்றாவது இருந்தால் 'உறுதி' என்று போடலாம். 'மெ' ஐந்து முறை வந்தாலும் அது ஒரே படியின் சான்றுதான். கூடவே ஒரு 'ஸானி' அல்லது ஒரு 'நா~ன' வேண்டும்.

எழுதி முடித்தபின் மூடி வைத்த குறிப்பைத் திறங்கள். ஊரும் உங்கள் முடிவும் ஒத்துப்போகாவிட்டால் உடனே முடிவை மாற்றாதீர்கள். பேசுபவரின் தாய் எந்த ஊர், எந்த வயதில் இடம் மாறினார் என்று விசாரியுங்கள். விடை கிடைக்கும்வரை இரண்டையும் அப்படியே பக்கத்தில் பக்கத்தில் வைத்திருங்கள்.